சும்மாத் தாள்

கதவைத் தட்டுவதற்கு முன்னால் சும்மாக்கா குனிந்து செருப்புகளைப் பார்த்தாள். சர்வே வேலைக்கு வந்த நாளிலிருந்து அவளுக்கு இது பழக்கம். மனிதர்கள் கதவிடுக்கில் நின்றுகொண்டு "வீட்டுல யாரும் இல்லைங்க" என்பார்கள். அவர்கள் காலடியில் நான்கு ஜோடிச் செருப்புகள் கிடந்து அதை மறுத்துக்கொண்டிருக்கும். இரண்டாம் மாடியில் இடது பக்கக் கதவுக்கு வெளியே ஒரு பலகை, அதன்மேல் மூன்று ஜோடிகள். குதிகால் தேய்ந்து ஒரு பக்கமாகச் சாய்ந்த ரப்பர் செருப்பு வயதான ஒருவருடையது. உள்ளங்கை அளவுச் சிவப்புச் செருப்பு குழந்தையுடையது. மூன்றாவது ஓர் இளம்பெண்ணின் செருப்பு. வாங்கி வெகுநாளாகியிருக்கும், ஆனால் அடிப்பாகம் தேயவில்லை, வார் கடையில் இருந்தபடியே விறைப்பாக இருந்தது, மேலே மெல்லிய தூசிப் படலம். பலகையிலும் அதே தூசி. ஆண் செருப்பு காணவில்லை, வேலைக்குப் போயிருக்கும்.

"என் ஆளு உள்ள இருக்காங்க," என்றாள் சும்மாக்கா, ரப்பர் செருப்பைக் காட்டி. அவளோடு வந்த சின்னவள் சிரித்துக்கொண்டு கதவைத் தட்டினாள்.

இருவருக்கும் ஒரே வேலை என்றுதான் பார்க்கிறவர்களுக்குத் தோன்றும். ஒரே மாதிரி பை, ஒரே மாதிரி அட்டை, அதில் ஒரே நிறக் கேள்வித்தாள். ஆனால் நிஜமான கேள்வித்தாள் சின்னவளிடம்தான் இருக்கும். கல்யாணமான பெண்கள் வீட்டுக்குள் எதையெல்லாம் தாங்களே முடிவு செய்கிறார்கள், வெளியே போக யாரைக் கேட்க வேண்டும், வேலைக்குப் போக ஆசைப்பட்டால் என்ன நடக்கும், யாரேனும் கை நீட்டியதுண்டா என்றெல்லாம் கேட்கும் சர்வே அது. ஐம்பது வயதுக்குள் இருக்கும் ஒரு பெண்ணைச் சீட்டுக் குலுக்கித் தேர்ந்தெடுத்து, அவளைத் தனியாக வைத்துத்தான் கேட்க வேண்டும். தனியாக என்று தாளில் எழுதிவிடுவது எளிது. எந்த வீட்டில் ஒரு மருமகளைத் தனியாக விடுகிறார்கள்? கேள்வி ஆரம்பித்த உடனே ஒரு மாமியாரோ நாத்தனாரோ வந்து கதவில் சாய்ந்துகொள்வார்கள். "அவளுக்கு ஒண்ணும் தெரியாது, என்னைக் கேளுங்க" என்பார்கள். அதற்காகவே இரண்டாவது ஆள், இரண்டாவது தாள். தண்ணீர் எப்போது வருகிறது, குப்பையை யார் எடுக்கிறார்கள், தெருவிளக்கு எரிகிறதா, பஸ் நிற்கிறதா என்று அதில் கேள்விகள் இருக்கும். கதவில் சாய்ந்தவர்களை வேறு அறைக்கு அழைத்துப் போய், உள்ளே நிஜப் பேட்டி முடியும்வரை இதைக் கேட்டுக்கொண்டிருக்க வேண்டும். மாலையில் அந்தத் தாளைக் கிழித்துப் போட்டுவிட வேண்டும், இல்லாவிட்டால் நிஜத் தாள்களோடு கலந்துவிடும். அலுவலகத்தில் அதற்குத் துணைக் கேள்வித்தாள் என்று மரியாதையாக ஒரு பெயர் உண்டு. வேலை செய்கிறவர்கள் சும்மாத் தாள் என்பார்கள். அதை எடுத்துக்கொண்டு அலைகிறவள் சும்மாக்கா ஆகிவிட்டாள்.

அவளுக்கு அந்தத் தாள் கிடைத்ததற்குக் காரணம் அவள் வாய். பயிற்சி வகுப்பில் முதலில் சொல்லிக்கொடுத்த பாடமே வாயை மூடுவதுதான். கேள்வியைக் கேள், பிறகு மனதுக்குள் ஐந்து வரை எண்ணு, அதற்குள் எதிராளி பேசிவிடுவார், பேசாவிட்டாலும் நீ பேசாதே என்றார்கள். சின்னவள் ஐந்து என்ன, ஐம்பது வரைகூட எண்ணுவாள். சும்மாக்காவுக்கு இரண்டு எண்ணுவதற்குள் நாக்கு துடிக்கும். பதில் சொல்கிறவர் தயங்கினால் போதும், பாவம் என்ன சொல்ல வருகிறாரோ என்று இவளே ஒரு பதிலைக் கேள்வியோடு சேர்த்துப் பிசைந்து ஊட்டிவிடுவாள். "கஷ்டமா இருந்திருக்கும், இல்ல?" என்பாள். "ஆமா" என்பார்கள். எல்லாரும் ஆமா சொன்னால் சர்வே எதற்கு? லிஃப்ட் மெக்கானிக்கான அவள் கணவன் இதைக் கேட்டுவிட்டு, "கேள்வியும் நீயே, பதிலும் நீயே. அந்த வீட்டுக்காரங்க எதுக்கு, காத்தாட உக்காந்திருக்கவா?" என்றான். நுணலும் தன் வாயால் கெடும் என்பதற்கு வேறு உதாரணம் தேட வேண்டாம் என்று அவளுக்கே தெரியும். ஆனாலும் ஒருநாளாவது நிஜத் தாளைக் கையில் எடுத்துக்கொண்டு ஒரு பெண்ணுக்கு எதிரே உட்கார வேண்டும் என்று ஆசை. அடுத்த சுற்றில் ஓர் இடம் காலியாகப் போகிறது என்று கேள்விப்பட்டு மேற்பார்வையாளரிடம் கேட்டும் வைத்திருந்தாள். பார்க்கலாம் என்று சொல்லியிருந்தார்.

கதவைத் திறந்தது மாமியார். அறுபதைத் தொட்ட, ஒல்லியான அம்மா. ஊசி குத்தாமலிருக்க நடுவிரலில் ஒரு தகரத் தொப்பி, உதட்டில் பாதி கடித்த நூல். உள்ளே தரையில் ஒரு குன்று மாதிரி சட்டைகள். பக்கத்துத் தையல் கூடத்திலிருந்து வாங்கி வந்து பொத்தான் தைத்துக் கொடுக்கிறாளாம். குழந்தை ஒரு பெரிய பொத்தானைக் கயிற்றில் கோத்து நாயை இழுப்பதுபோல் இழுத்துக்கொண்டிருந்தது. சமையலறைப் பக்கமிருந்து எட்டிப் பார்த்த மருமகளிடம் சின்னவள் பேசத் தொடங்கியதுமே, அவளுக்கு ஒன்றும் தெரியாது, கேட்கிறதை என்னிடம் கேளுங்கள் என்றாள் மாமியார். எல்லா வீட்டிலும் சொல்கிற அதே வாக்கியம்.

"உங்களைத்தாம்மா கேக்கணும்," என்றாள் சும்மாக்கா. "உங்களுக்குன்னு தனியா ஒரு தாளே வெச்சிருக்கேன்."

இந்த ஒரு வரியில் அவளை மிஞ்ச ஆளில்லை. தனக்கென்று தனியாக ஒரு தாள் இருக்கிறது என்றால் எந்த முகமும் கொஞ்சம் மாறும். மாமியார் சட்டைக் குன்றைத் தள்ளி இடம் கொடுத்தாள். சின்னவள் மருமகளை உள்ளறைக்கு அழைத்துக்கொண்டு போனாள். கதவு ஒருக்களித்து நின்றது.

தண்ணீர், குப்பை, விளக்கு, பஸ். மாமியார் ஒவ்வொன்றுக்கும் தெளிவாக, சுருக்கமாக, தைத்துக்கொண்டே பதில் சொன்னாள். கூட ஒரு சொல் கிடையாது. சும்மாக்காவுக்குக் கவலை தட்டியது. வழக்கமாக இந்தத் தாள் நன்றாக இழுக்கும். குப்பை என்றாலே பக்கத்து வீட்டுக்காரியின் ஏழு தலைமுறையையும் இழுப்பார்கள். இந்த அம்மாவோ கேட்டதற்கு மட்டும் பதில் சொன்னாள். பஸ் கேள்வியோடு தாள் முடிந்துவிட்டது. உள்ளே வேலை முடிந்தால் சின்னவள் "அக்கா, தண்ணி இருக்கா?" என்று சத்தமாகக் கேட்க வேண்டும், அதுதான் இருவருக்குள்ளும் பேச்சு. அந்தக் குரல் வரவில்லை. வேறொரு குரல்தான் கதவிடுக்கு வழியாக வந்தது. தாழ்ந்த குரல், சொற்கள் புரியவில்லை, ஆனால் நிற்காமல் போய்க்கொண்டிருந்தது. மருமகளின் குரல். இத்தனை வீடுகள் ஏறி இறங்கியவளுக்கு அந்த ஓட்டம் என்னவென்று தெரியும். வெகுநாள் மூடிக்கிடந்த வாய் ஒன்று திறந்திருக்கிறது. இப்போது யாராவது போய்க் கதவில் நின்றால் அது மறுபடி மூடிக்கொள்ளும். இந்த ஜென்மத்தில் திறக்காது.

மாமியாரின் கை நின்றது. அவளுக்கும் அந்தக் குரல் கேட்டிருக்க வேண்டும். ஊசியைச் சட்டையில் குத்திவைத்துவிட்டு, ஒரு கையை முழங்காலில் ஊன்றினாள்.

"உள்ள என்ன இவ்வளவு நேரம்? இரு, பாத்துட்டு வரேன்."

"அம்மா, உங்க தாள்ல இன்னும் ஒரு பக்கம் இருக்கு," என்றாள் சும்மாக்கா.

தாளைத் திருப்பினாள். பின்பக்கம் வெறும் வெள்ளை. அந்த வெள்ளையை உற்றுப் பார்த்து, அதில் எழுதியிருப்பதைப் படிக்கிற பாவனையில், வாயில் வந்ததைக் கேட்டாள். வாயில் வந்தது நிஜத் தாளின் கேள்வி. எத்தனையோ மாதமாக, தனக்குக் கிடைக்காத அந்தத் தாளை வீட்டில் பாத்திரம் துலக்கும்போதுகூடச் சொல்லிப் பார்த்து மனப்பாடம் செய்து வைத்திருந்தாள்.

"இந்தத் தையல் வேலைக்கு முன்னாடி வேற ஏதாவது வேலை பாத்திருக்கீங்களா?"

முழங்காலில் ஊன்றிய கை அப்படியே இருந்தது. பிறகு மாமியார் மெதுவாகத் திரும்ப உட்கார்ந்தாள்.

டெலிபோன் ஆபீசில் வேலை பார்த்தாளாம். கல்யாணத்துக்கு முன்னால் கொஞ்ச காலம். பலகை நிறையத் துளைகள், ஒவ்வொன்றிலும் வயரைச் செருகி இந்த ஊரையும் அந்த ஊரையும் இணைத்துவிட வேண்டும். காதில் கருவி, வாய்க்கு முன்னால் ஒரு குழல். "காத்திருங்கள், இணைப்புத் தருகிறேன்" என்று சொல்லிக் காட்டினாள். சும்மாக்கா அசந்துபோனாள். தைத்துத் தைத்துக் கரகரத்துப்போன குரலுக்குள்ளிருந்து வேறொரு பெண், முதுகை நிமிர்த்தி உட்கார்ந்த இருபது வயதுப் பெண், தெள்ளத் தெளிவாக வெளியே வந்து பேசிவிட்டு மறுபடி உள்ளே போய்விட்டாள். குழந்தைகூட பொத்தானை இழுப்பதை நிறுத்திவிட்டுப் பாட்டியைப் பார்த்தது.

ஏன் விட்டீர்கள் என்று கேட்டுவிட்டு சும்மாக்கா எண்ண ஆரம்பித்தாள். ஒன்று. இரண்டு. அவ்வளவுதான். கல்யாணம் ஆனதும் புகுந்த வீட்டில் போகக்கூடாது என்று சொல்லிவிட்டார்களா என்று தானே எடுத்துக் கொடுத்தாள்.

மாமியார் இல்லை என்று தலையாட்டினாள். ஊட்டிய பதிலைத் துப்பிய முதல் ஆள் அவள்தான். சும்மாக்கா வேறு வழியில்லாமல் வாயை மூடிக்கொண்டாள்.

"யாரும் போகாதேன்னு சொல்லல," என்றாள் மாமியார் கொஞ்சம் பொறுத்து. "போன்னும் யாரும் சொல்லல. அப்படியே நின்னு போச்சு."

அதைக் கேட்டதும் சும்மாக்காவுக்கு மனசு பொங்கிவிட்டது. இந்த அம்மாவை ஏதாவது நல்ல இடத்தில் கொண்டுபோய் நிறுத்த வேண்டும் போலிருந்தது. நிறுத்துகிறேன் என்று நினைத்துக்கொண்டு, பயிற்சியில் எதைச் செய்யவே கூடாது என்றார்களோ அதைச் செய்தாள்.

"ஆனா நீங்க அப்படி இல்லையே. உங்க மருமக வேலைக்குப் போகணும்னா நீங்க தடுக்க மாட்டீங்க, இல்ல?"

"நான் ஏன் தடுக்கப் போறேன்?"

சொல்லிவிட்டு மாமியார் சட்டையை எடுத்துப் பொத்தானைத் தைத்தாள். தைத்து முடித்துச் சட்டையை விரித்துப் பார்த்தாள். பொத்தான் ஓட்டைக்கு நேராக இல்லாமல் ஒரு விரல் தள்ளி உட்கார்ந்திருந்தது. நூலை அறுத்து, பொத்தானைப் பிரித்து, மறுபடி வைத்தாள்.

"எழுதிக்கிட்டியா?"

"எழுதிட்டேம்மா."

"என்னன்னு?"

"தடுக்க மாட்டேன்னு."

ம் என்றாள் மாமியார். அப்போதுதான் உள்ளேயிருந்து, "அக்கா, தண்ணி இருக்கா?" என்று சின்னவளின் குரல் வந்தது. கிளம்பும்போது வழக்கப்படி அலுவலகத் தொலைபேசி எண் அச்சடித்த சீட்டு ஒன்றை வீட்டாரிடம் கொடுத்தார்கள். மருமகள் வாங்குவதற்குள் மாமியார் கை நீட்டி வாங்கிக்கொண்டாள்.

மாடிப்படி இறங்கும்போது சின்னவள் ஒன்றும் பேசவில்லை. உள்ளே கேட்டதை வெளியே சொல்லக்கூடாது, தங்களுக்குள்ளும்கூட. தெருவுக்கு வந்த பிறகு, "அந்தக் கடைசிக் கொஞ்ச நேரம் மட்டும் இல்லேன்னா ஒண்ணுமே கிடைச்சிருக்காதுக்கா," என்று மட்டும் சொன்னாள். சொல்லும்போது அவள் கண் கலங்கியிருந்தது. சும்மாக்காவுக்குக் கால் தரையில் பாவவில்லை. அன்று மாலை அலுவலகத்தில் சும்மாத் தாள்களைக் கிழிக்கும்போது, பின்பக்கம் தன் கையெழுத்தில் இருந்த அந்த நாலு வரியை ஒருதரம் படித்தாள். டெலிபோன் ஆபீஸ். போகாதே என்று சொல்லவில்லை. போ என்றும் சொல்லவில்லை. தடுக்க மாட்டேன். இதை எதற்காகக் கிழிக்க வேண்டும் என்று தோன்றியது. ஆனால் விதி விதிதான். கிழித்துக் கூடையில் போட்டுவிட்டு, குற்றம் செய்தவளைப்போலக் கூடையை ஒருமுறை திரும்பிப் பார்த்துவிட்டு வீட்டுக்குப் போனாள்.

மறுவாரம் மேற்பார்வையாளர் கூப்பிட்டனுப்பினார். விட்டுப்போன கட்டங்களைச் சிவப்பு மையால் சுழித்துச் சுழித்தே பெயர் வாங்கியவர். அவர் இல்லாதபோது எல்லாரும் அவரைச் சிவப்புப் பேனா என்பார்கள். மூடியைக் கழற்றி வைத்த பேனாவோடு உட்கார்ந்திருந்தார்.

இரண்டாம் மாடி, இடது பக்கம் வீட்டிலிருந்து ஓர் அம்மா போன் செய்திருக்கிறாள். இவர் ஹலோ சொன்னதுமே, ரிசீவரை வாயோடு ஒட்டிப் பிடிக்காதீர்கள், இரைகிறது, நாலு விரல் தள்ளிப் பிடியுங்கள் என்றாளாம். அவரும் தள்ளிப் பிடித்தாராம். தன்னையறியாமல் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டதாகவும் சொன்னார். அன்றைக்கு வந்த, நிறையப் பேசுகிற அம்மாவிடம் ஒரு கேள்விக்குப் பதில் தப்பாகச் சொல்லிவிட்டேன், திருத்த வேண்டும், வேலைக்குப் போவதைப் பற்றிய கேள்வி அது என்று சொல்லிவிட்டு, நன்றி கூறி வைத்துவிட்டாளாம்.

"நம்ம சும்மாத் தாள்ல வேலையைப் பத்தி ஒரு கேள்வியும் கிடையாதேம்மா," என்றார்.

சும்மாக்கா நடந்ததை ஒன்றுவிடாமல் சொன்னாள். தாள் முடிந்தது, அந்த அம்மா எழுந்தது, வெள்ளைப் பக்கத்தைப் படித்தது எல்லாவற்றையும். அவர் குறுக்கே பேசவில்லை. அவரும் ஒருகாலத்தில் வீடு வீடாக ஏறி இறங்கியவர்தான், எண்ணத் தெரிந்தவர். கடைசியில், பதிலைக் கேள்விக்குள் வைத்துக் கேட்டது ஒரு தப்பு, அதைக்கூட விடலாம் என்றார். இன்னொன்றை விட முடியாது.

"உள்ள கேக்கற கேள்வி மாதிரி ஒண்ணு வெளிய கேக்கவே கூடாதுன்னு ஏன் சொல்றோம்? நாம கிளம்பினப்புறம் அந்த அம்மா உள்ள போய், 'என்கிட்ட வேலையைப் பத்திக் கேட்டாங்க, உன்கிட்ட என்ன கேட்டாங்க, நீ என்ன சொன்ன'ன்னு பிடிச்சிருந்தா? அந்தப் பொண்ணு நம்மள நம்பிப் பேசுச்சும்மா."

சும்மாக்காவுக்குத் தன் இடம், அடுத்த சுற்று, நிஜத் தாள் எல்லாம் ஒரு நொடியில் மறந்துபோய், கதவிடுக்கில் கேட்ட அந்தத் தாழ்ந்த குரல் மட்டும் நினைவில் நின்றது. அதைக் காப்பாற்றத்தான் கேட்டாள். காப்பாற்றப் போய்க் காட்டிக்கொடுத்துவிட்டாளோ? நாளைக்குக் காலையில் இருவருமாக அந்த வீட்டுக்குப் போகலாம் என்றார் அவர். அடுத்த சுற்றைப் பற்றி இப்போது பேச வேண்டாம் என்றார். அது அவள் காதில் விழவே இல்லை. அன்று வீட்டில் அவள் வாயே திறக்கவில்லை. கணவன் பயந்துபோய் நெற்றியில் கை வைத்துக் காய்ச்சலா என்று பார்த்தான்.

மறுநாள் காலையில் மாடிப்படி ஏறும்போது அவர் பாதியில், திருப்பத்தில், நின்றுகொண்டார். ஆண்பிள்ளையைக் கண்டால் பேச்சு மாறிவிடும், நீங்கள் போங்கள், இங்கிருந்தே கேட்கிறேன் என்றார். சும்மாக்கா மேலே ஏறினாள். பழக்க தோஷம், கதவைத் தட்டப் போன கை நின்று, கண் கீழே போயிற்று. பலகையில் ரப்பர் செருப்பு இருந்தது. சிவப்புச் செருப்பு இருந்தது. மூன்றாவது இல்லை. அது கிடந்த இடத்தில், தூசிக்கு நடுவே, இரண்டு பாதங்களின் வடிவத்தில் பலகை சுத்தமாகத் தெரிந்தது.

பெண்ணை வீட்டைவிட்டு அனுப்பிவிட்டார்களா? கோபித்துக்கொண்டு தானே போய்விட்டாளா? ஒரு செருப்பு இல்லாததற்கு எத்தனை அர்த்தம் உண்டோ அத்தனையும் கெட்டதாகவே தோன்றியது. தட்டுவதற்குள் கதவு திறந்தது. மாமியாரின் தோளில் குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது.

"வந்துட்டியா? மெதுவாப் பேசு. என் தாளை எடு, திருத்தணும்."

சும்மாக்கா இரவெல்லாம் யோசித்து வைத்திருந்த பொய்கள் நாலைந்து இருந்தன. ஒன்றும் வாய்க்கு வரவில்லை.

"அம்மா, அந்தத் தாள் இப்ப இல்ல. கிழிச்சுட்டேன். அது... கணக்குல சேராத தாள்."

சொன்ன பிறகுதான் எதைச் சொன்னோம் என்று உறைத்தது. கணக்கில் சேராத தாளை எதற்காகக் கேட்டாய் என்றால் அடுத்த பதில் அந்தப் பெண்ணிடம் போய்த்தான் முடியும். கீழே படித் திருப்பத்தில் ஒரு செருமல் கேட்டது. மாமியார் குழந்தையைத் தோள் மாற்றிக்கொண்டாள். அவள் முகத்தில் கோபம் இல்லை, ஆச்சரியமும் இல்லை.

"டெலிபோன் ஆபீஸ்ல இருந்தவ நான். ஒருத்தர் பேசி முடிக்கிற வரைக்கும் இன்னொருத்தரை எப்படிக் காக்க வைக்கிறதுன்னு எனக்குத் தெரியாதா? வெள்ளைத் தாளைத் திருப்பிப் படிச்சியே, அப்பவே தெரியும்."

சும்மாக்கா பையின் வாரைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"உள்ள அவ என்ன பேசினான்னு நான் கேக்கல. கேக்கவும் மாட்டேன். அடுத்தவங்க பேசறதை ஒட்டுக்கேக்கறது எங்க வேலையில பெரிய தப்பு, சீட்டைக் கிழிச்சு வீட்டுக்கு அனுப்பிடுவாங்க." குழந்தையின் முதுகைத் தட்டிக்கொண்டே சொன்னாள். "ஆனா இந்த வீட்டுல அவ அவ்வளவு நேரம் பேசினது அன்னைக்குத்தான். அது காதுல விழுந்துச்சு."

நேற்றிலிருந்து பிடித்து வைத்திருந்த பயம் விட்டதும் சும்மாக்கா சுவரைப் பிடித்துக்கொண்டு வாசலிலேயே உட்கார்ந்தாள். மாமியாரும் குழந்தையோடு நிலைப்படியில் உட்கார்ந்தாள்.

மருமகள் நர்சு வேலைக்குப் படித்தவளாம். பஸ்ஸில் இரண்டு ஸ்டாப் தள்ளி இருக்கும் ஆஸ்பத்திரியில் வருகிறாயா என்று எப்போதோ கேட்டிருக்கிறார்கள். மகன், அம்மா என்ன சொல்கிறாளோ என்று ஒதுங்கிக்கொண்டானாம். பிள்ளை நடக்கட்டும் என்றாளாம் மாமியார். நடந்தது. பிள்ளை பேசட்டும் என்றாளாம். பேசியது. போகாதே என்று ஒருநாளும் அவள் சொன்னதில்லை. அதனால்தான் தடுக்க மாட்டேன் என்று கூசாமல் சொல்ல முடிந்தது. சொன்ன பிறகு அந்த ஒரு பொத்தானைத் திரும்பத் திரும்பப் பிரித்துத் தைத்தாளாம், நேராக உட்காரவே இல்லையாம்.

"தடுக்கவும் இல்ல, போன்னும் சொல்லல. எனக்கு அவங்க செஞ்சதேதான். அதுக்கு உங்க தாள்ல ஒரு கட்டம் இருக்கா?"

சும்மாக்கா நிஜத் தாளை மனதுக்குள் புரட்டினாள். தடுப்பார், தடுக்க மாட்டார் என்று இரண்டே கட்டம்தான். கேள்வி எழுதினவர்களுக்குத் தோன்றவில்லை, அத்தனை வீடு ஏறி இறங்கியும் அவளுக்கும் தோன்றவில்லை.

"இல்லம்மா," என்றாள்.

கீழே பேனா மூடியைத் திறக்கும் சின்னச் சத்தம் கேட்டது. அவர் எதையோ குறித்துக்கொள்கிறார் போலிருக்கிறது.

"போகட்டும். அது நான் போன் பண்ணின அன்னைக்குச் சொல்ல நினைச்சது. இப்ப அதையும் மாத்தணும். புதுசா ஒரு தாள் எடுத்து எழுது. கணக்குல சேராட்டி சேராம போகுது, கேட்டவ நீ, பதிலை நீ எழுதிக்கணும்."

சும்மாக்கா பையிலிருந்து வெள்ளைத் தாள் ஒன்றை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். "போகச் சொல்லிட்டீங்களா?" என்பது நாக்கு நுனிவரை வந்துவிட்டது. அந்த அம்மா ஆமா என்று சொல்லிவிட்டால் போதும், எல்லாம் சுபம், எழுந்து போகலாம். அவள் அதைக் கடித்து விழுங்கினாள். அது தன்னுடைய பதில். இந்த அம்மாவின் பதில் எதுவோ, அது அவளிடமிருந்து வரட்டும்.

"உங்க மருமக வேலைக்குப் போறதைப் பத்தி நீங்க அவகிட்ட என்னம்மா சொன்னீங்க?"

ஒன்று.

இரண்டு. குழந்தை தூக்கத்தில் பெருமூச்சு விட்டது. மூன்று. கீழே தெருவில் ஒரு பஸ் வந்து நின்று, ஆட்களை ஏற்றிக்கொண்டு கிளம்பும் சத்தம் கேட்டது. மாமியார் அந்தச் சத்தம் தேய்ந்து மறையும்வரை காது கொடுத்துக் கேட்டாள். நான்கு. பிறகு அவள் பார்வை தாழ்ந்து பலகைமேல் போய் நின்றது. ஐந்து. சொல்ல வேண்டிய வார்த்தையை அந்தக் கரகரத்த குரலில் சொல்வதா, பழைய குரலில் சொல்வதா என்று தேடுகிறவளைப்போல உதடு லேசாக அசைந்தது. சும்மாக்கா பேனாவைத் தாளில் ஊன்றியபடி, ஐந்தைத் தாண்டியும் எண்ணிக்கொண்டே, தூசிக்கு நடுவே சுத்தமாகத் தெரிந்த அந்த இரண்டு பாதங்களின் அளவு இடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.